மூன்று முறை சென்றும் இல்லை

ஜூன் 3, செவ்வாய்

வாக்காளர் பட்டியல் சரிபார்க்கும் வேலையை இந்த வருஷமும் என் தலையில் கட்டிவிட்டார்கள். பள்ளியில் இத்தனை ஆசிரியர்கள் இருக்க, பெயர் எழுதும்போது மட்டும் எல்லோர் கண்ணுக்கும் நான்தான் பளிச்சென்று தெரிகிறேன்.

வீடு வீடாகப் போக வேண்டும். ஆள் இருந்தால் கையெழுத்து வாங்க வேண்டும். பூட்டியிருந்தால் வேறு வேறு நாட்களில் மூன்று முறை போக வேண்டும். மூன்றாவது முறையும் யாரும் இல்லையென்றால்தான், மூன்று தேதியையும் குறித்து, ‘மூன்று முறை சென்றும் இல்லை’ என்று எழுதிப் பெயரை நீக்கலாம். ஒரே ஆறுதல், இரண்டு வாரம் பாடம் நடத்த வேண்டாம்.

கணக்கு சார் போன வருஷம் இதே வேலையைச் செய்தவர். “மூணு தேதிக்கும் மூணு பேனா வச்சுக்கங்க டீச்சர். ஒரே மையில இருந்தா மேல கேள்வி கேப்பாங்க” என்றார். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

ஜூன் 4, புதன்

மில்லுக்குப் பின்னால் இருக்கும் சந்துக்குப் போனேன். காலை பதினோரு மணி. எல்லா வீடும் பூட்டு. மில்லில் பகல் ஷிப்ட். ஒரே ஒரு வீட்டில் ஒரு பாட்டி கதவைத் திறந்து, என்னைப் பார்த்து, மூடிவிட்டாள். ஒரு நாய் மட்டும் சந்து முழுக்கக் கூடவே வந்தது. அதற்கு ஓட்டு இருந்தால் முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டிருக்கும்.

பூட்டிய வீடுகளில் மொத்தம் முப்பத்து நாலு பெயர். படி ஏறி இறங்கி வலது முழங்கால் வீங்கிவிட்டது.

ஜூன் 9, திங்கள்

எங்கும் போகவில்லை. காலுக்குத் தலையணை வைத்து நாள் முழுக்கப் படுத்தே கிடந்தேன்.

ஜூன் 11, புதன்

படிவம் வாங்கப் பள்ளிக்குப் போனேன். மணிக்காரம்மா ஓடிவந்தாள். மகளுக்கு வருகிற சனிக்கிழமை கல்யாணமாம். “நீங்க கட்டாயம் வரணும் டீச்சர், உங்க பாடத்தைக் கேட்டே வளந்த குடும்பம் நாங்க” என்றாள். உண்மைதான். பதினோரு வருஷமாக என் வகுப்புக்கு வெளியே வராந்தாவைப் பெருக்கிக்கொண்டே பாடம் கேட்கிறாள். மணி அடிக்க நேரமானாலும் பத்தி முடியட்டும் என்று நிற்பாள். பிள்ளைகளுக்கு அதில் அவள் மேல் கொஞ்சம் கோபம் உண்டு.

அவள் கொடுத்த பத்திரிகையை மேசை இழுப்பறையில் போட்டேன். சனிக்கிழமை அக்கா வீடு. பார்க்கலாம்.

ஜூன் 14, சனி

அக்கா வீடு. சீட்டாட்டம். அத்தான் வழக்கம்போல ஏமாற்றினார், வழக்கம்போல மாட்டிக்கொண்டார். வயிறு வலிக்கச் சிரித்தேன். இப்படிச் சிரித்து எத்தனை மாதம் ஆயிற்று.

ஜூன் 16, திங்கள்

நாளை கடைசி நாள். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து எழுதி முடித்தேன். ஜூன் 4 நீல மை. ஜூன் 9 கறுப்பு மை. ஜூன் 14-க்கு வீட்டில் வேறு பேனா இல்லை. இவர் சட்டைப் பையில் இருந்ததை எடுத்துக்கொண்டேன், அது நீலத்துக்கும் கறுப்புக்கும் நடுவில் ஒரு நிறம். முப்பத்து நாலு பேருக்கும் எழுத நாற்பது நிமிஷம்தான் ஆயிற்று.

“மூணு தடவை போனியா?” என்றார் இவர்.

“எல்லாரும் இப்படித்தான் எழுதறாங்க.”

ஆள் அங்கே இருந்தால் எப்படியும் அவர்களே வந்து சேர்த்துக்கொள்ளப் போகிறார்கள்.

ஜூன் 27, வெள்ளி

சிரிக்காமல் எழுத முடியவில்லை. வட்டாரத்திலேயே முதலில் வேலையை முடித்தது நான்தானாம். பதிவு அதிகாரி பள்ளிக்கே வந்து, காலை வழிபாட்டில் எல்லார் முன்னாலும் பாராட்டுச் சான்றிதழ் கொடுத்தார். அவர் பேசும்போது மேல்வரிசைப் பல் செட் தனியாக இறங்கி ஏறுகிறது. ‘ஜனநாயகத்தின் அடித்தளம்’ என்று சொன்னபோது அடித்தளமே கழன்று விழும் என்று பயந்தேன்.

மணிக்காரம்மா பின்னால் நின்று எல்லாரையும்விடச் சத்தமாகக் கை தட்டினாள். கல்யாணத்துக்கு வரவில்லையே என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை.

ஜூலை 8, செவ்வாய்

எட்டாம் வகுப்பு. ‘குடியரசு பிறந்த கதை.’ ஒவ்வொரு வருஷமும் நான் உருகி நடத்தும் பாடம் இது. நாடு விடுதலை அடைந்து முதல் சபை கூடியபோது நடந்த வாதம். படித்தவனுக்கு மட்டும் ஓட்டு என்றார்கள் சிலர். சொத்து உள்ளவனுக்கு மட்டும் என்றார்கள் சிலர். கடைசியில் எழுந்த ஒரு உறுப்பினர் சொன்னது பாடப் புத்தகத்தில் கட்டம் போட்டு இருக்கிறது: ‘பட்டியலைத் தேடிக் குடிமகன் வரக் கூடாது. குடிமகனைத் தேடிப் பட்டியல் போக வேண்டும். முதல் முறை போனால் அவன் வயலில் இருப்பான். இரண்டாம் முறை போனால் ஆலையில் இருப்பான். மூன்றாம் முறையும் போகச் சோம்பல்படும் அரசு, அவனிடம் வரி கேட்கவும் வரக் கூடாது.’

மூன்று முறை விதி அங்கிருந்துதான் வந்தது. பக்கத்திலேயே படம்: ஒரு குடிசை வாசலில் பெரிய பேரேட்டைச் சுமந்துகொண்டு நிற்கும் மனிதர். மழை பெய்கிறது. பேரேட்டின் மேல் தன் சட்டையைப் போட்டு மூடியிருக்கிறார்.

இருபது வருஷமாக அந்தப் படத்தைக் காட்டுகிறேன். இன்று புத்தகத்தை உயர்த்திப் பிடித்துவிட்டு உடனே இறக்கிவிட்டேன். சன்னலுக்கு வெளியே துடைப்பச் சத்தம் நின்றிருந்தது. மணிக்காரம்மாவுக்குப் பிடித்த இடம் இது. சீக்கிரம் அடுத்த பத்திக்குப் போய்விட்டேன்.

ஜூலை 15, செவ்வாய்

கடைத்தெருவில் ஒரு கட்சிக்காரர் வண்டியை நிறுத்தி இறங்கிக் கும்பிட்டார். முன்பின் தெரியாத ஆள். “மில் சந்துல ரொம்ப நல்ல வேலை பண்ணியிருக்கீங்க டீச்சர். போன தடவை வெறும் பத்தொன்பது ஓட்டுல எங்க அண்ணன் தோத்தாரு. உங்களை மறக்க மாட்டோம்.”

நான் யாருக்காகவும் செய்யவில்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். பிறகு என்ன சொல்வது? முழங்கால் வலிக்காகச் செய்தேன் என்றா? காய்கறிப் பையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் போய்விட்டார்.

தொலைக்காட்சியில் தினமும் ஜனநாயகத்தைக் கொல்பவர்களைப் பார்த்துத் திட்டுகிறவள் நான். இவர்கூட, “உனக்கு ரத்த அழுத்தம் வந்துடும்” என்பார். நான் கை நீட்டித் திட்டியவர்களில் ஒருத்தன் வந்து என்னிடம் நன்றி சொல்வான் என்று நினைத்ததே இல்லை.

ஆகஸ்ட் 4, திங்கள்

எப்படி எழுதுவது.

இறுதிப் பட்டியலைப் பள்ளிச் சுவரில் ஒட்டினார்கள். தேர்தல் அடுத்த மாதம் 21. இரண்டாவது பீரியட் முடிந்து வெளியே வந்தேன். மணிக்காரம்மா பட்டியல் முன்னால் நின்றிருந்தாள். பிள்ளைகள் ஐந்தாறு பேர் அவளுக்காகத் தேடிக்கொண்டிருந்தார்கள்.

“டீச்சர், என் பேரைக் காணோமாம். நீங்க கொஞ்சம் பாருங்களேன். பிள்ளைங்க சரியாப் பாக்கல.”

தேடப் போனேன். விரலைத் தாளில் வைத்த பிறகுதான் தெரிந்தது, எதைத் தேடுவது என்று எனக்குத் தெரியாது. பதினோரு வருஷம். அவள் பெயர் எனக்குத் தெரியாது.

“உங்க பேரு என்ன?” என்றேன்.

சொன்னாள். அழகான, நீளமான பெயர். அப்பா பெயரோடு சேர்த்துச் சொன்னாள், பட்டியலில் இருப்பது போல. இரண்டு மாதம் முன்னால் அந்தப் பெயருக்கு எதிரே நீலம், கறுப்பு, இரண்டும் இல்லாத ஒரு நிறம் என்று மூன்று தேதி எழுதினேனே — அது. என் கையால். சாப்பாட்டு மேசையில்.

“மில் சந்தா உங்க வீடு?”

“ஆமா டீச்சர், வீட்டுக்காரர் மில்லுல இருந்தப்போ குடுத்த வீடு. எங்க சந்துல முப்பத்து நாலு பேரோட பேர் இல்ல. யாரோ வராமலே வந்தேன்னு எழுதிட்டுப் போயிருக்காங்க. பாவிங்க. எனக்கு ஓட்டு வந்த நாள்லேர்ந்து ஒரு தடவைகூட விட்டதில்ல டீச்சர். பிள்ளை பெத்து மூணாம் நாள் போய்ப் போட்டிருக்கேன்.”

பாக்கறேன் என்றேன். வேறென்ன சொல்ல. மணி அடிக்கும் நேரமாகியும் அவள் நகரவில்லை. இன்று மூன்றாவது பீரியட் ஏழு நிமிஷம் தாமதமாக ஆரம்பித்தது. யாரும் அவளைக் கேட்கவில்லை.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

இழுப்பறையைத் திறந்தேன். கல்யாணப் பத்திரிகை அப்படியே உறையில். பிரித்தேன். பெண்ணின் தாயார் என்ற இடத்தில் அந்தப் பெயர். இடம்: மில் பின்சந்து, மணப்பெண் வீடு. தேதி: ஜூன் 14.

மில்லில் லீவு போட்டுச் சந்தே கூடி நின்று கல்யாணம் நடத்திய நாளில், நான் மூன்றாம் முறையாகப் போய், எல்லா வீடும் பூட்டியிருந்ததாக எழுதியிருக்கிறேன். அழைப்பு வந்த இடத்துக்கு. ஜூன் 4 அன்று அவள் வீடு ஏன் பூட்டியிருந்தது? அவள் எங்கள் பள்ளியில் மணி அடித்துக்கொண்டிருந்தாள். அதனால்தான் பூட்டியிருந்தது.

சாயங்காலம் தேர்தல் அலுவலகம் போனேன். ஓசைப்படாமல் சேர்த்துவிடலாமா என்று, எனக்குச் சான்றிதழ் கொடுத்த அதே அதிகாரியிடம் நைசாகக் கேட்டுப் பார்த்தேன். “கடைசித் தேதி முடிஞ்சாச்சேம்மா. நீங்க மூணு தடவை போயிருக்கீங்க, சட்டப்படி நீக்கியாச்சு. நீக்கினது தப்புன்னு விசாரணையில தெரிஞ்சாத்தான் இனிமே சேர்க்க முடியும்” என்றார். சந்துக்காரர்கள் மனு கொடுத்துவிட்டார்கள். 11-ஆம் தேதி விசாரணை. நானும் வர வேண்டும்.

ஆகஸ்ட் 7, வியாழன்

இவரிடம் சொன்னேன். சாப்பிடாமல் எழுந்து போய்விட்டார். பிறகு வந்து, “வேலை போயிடும்டி. ஜெயில்கூடப் போடலாம். போனேன்னு மட்டும் சொல்லு. வேற ஒண்ணும் சொல்லாதே” என்றார். கல்யாணமாகி இருபத்து நாலு வருஷத்தில் இவர் பயந்து பார்த்ததில்லை.

கணக்கு சாரிடமும் கேட்டேன். அவர் சுற்றும் முற்றும் பார்த்தார். “நீங்க ஒத்துக்கிட்டா எல்லாரோட படிவத்தையும் தோண்டுவாங்க டீச்சர். எனக்கு இன்னும் ரெண்டு வருஷம்தான் இருக்கு.”

ஆக நான் பொய் சொன்னால் நல்லவள்.

ஆகஸ்ட் 11, திங்கள்

இன்றைக்கு நடந்ததை எழுதிவிட வேண்டும், இல்லாவிட்டால் நாளைக்கு என் மனசு இதை வேறு மாதிரி மாற்றிவிடும்.

சின்ன அறை. அதிகாரி, ஒரு குமாஸ்தா, நான். எதிர் பெஞ்சில் சந்துக்காரர்கள் ஆறு பேர். நடுவில் மணிக்காரம்மா. நான் பட்டியல் வேலை பார்த்தது அவளுக்குத் தெரியும், அவள் சந்தும் என் பங்கில் இருந்தது தெரியாது. நான்தான் அந்தப் பாவி என்று உள்ளே வந்து என்னைப் பார்த்த பிறகுதான் அவளுக்குத் தெரிந்தது. முகத்தில் கோபம் வரவில்லை. குழம்பிப்போனாள். பிறகு கையெடுத்துக் கும்பிட்டாள், தினமும் காலையில் செய்வது போலவே.

அதிகாரி கேட்டார்: “ஜூன் 4, 9, 14 மூணு நாளும் நேர்ல போனீங்களா?”

“போனேன்.”

இவ்வளவுதான் சொன்னேன். ஒரே வார்த்தை. வகுப்பில் பேசும் அதே குரலில், தெளிவாக.

ஒரு மில்காரர் எழுந்து கத்தினார். “பதினாலாம் தேதி நாங்க முந்நூறு பேர் அங்க நின்னோம்யா! இந்தம்மாவை நாங்க பாக்கவே இல்ல!” அதிகாரி அவரை உட்காரச் சொன்னார்.

அப்போது அவள் எழுந்தாள்.

“சார், டீச்சர் வந்திருப்பாங்க. டீச்சர் பொய் சொல்ல மாட்டாங்க சார், எனக்குத் தெரியும், நான் பதினோரு வருஷமா அவங்க பாடத்தைக் கேக்கறேன். கல்யாண அவசரத்துல நாங்கதான் கவனிக்காம விட்டிருப்போம். நான் என் மனுவை வாபஸ் வாங்கிக்கறேன்.”

அந்த மில்காரர் அவளைத் திட்டினார். அவள் தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். எனக்காக! நான் நாற்காலியில் உட்கார்ந்து கைப்பையின் ஜிப்பைத் திறந்து மூடிக்கொண்டிருந்தேன். எத்தனை தடவை திறந்து மூடினேனோ தெரியாது.

கல்யாணத்துக்கு வந்தும் சாப்பிடாமல் போய்விட்டேன் என்று வேறு நினைத்துக்கொண்டிருப்பாள். ஐயோ, எனக்கு ஏன் பூமி பிளக்கவில்லை?

ஆகஸ்ட் 12, செவ்வாய்

பள்ளிக்குப் போகவில்லை. அவள் அடிக்கும் மணி எங்கள் வீட்டுக்கே கேட்கும். எட்டு முறை கேட்டது.

ஆகஸ்ட் 13, புதன்

தேர்தல் அலுவலக வாசலில் பெஞ்சில் உட்கார்ந்து எழுதுகிறேன். இவரிடம் சொல்லாமல் வந்தேன். அதிகாரி உள்ளே கூட்டத்தில் இருக்கிறார். என் முறை வரும்வரை எழுந்து ஓடாமல் இருக்கத்தான் எழுதுகிறேன்.

இந்த நோட்டையும் கொண்டுவந்திருக்கிறேன். எதற்கென்று வீட்டில் தெரியவில்லை. இப்போது பழைய பக்கங்களைப் புரட்டும்போது தெரிகிறது. ஜூன் 9: எங்கும் போகவில்லை. ஜூன் 14: சீட்டாட்டம். எனக்கு எதிராக நானே எழுதி வைத்திருக்கிறேன், ஒரே பேனாவில்.

நாட்டை யார் கெடுத்தார்கள் என்று தேடினால் பெரிய பெரிய ஆட்கள் அகப்படுவார்கள் என்று நினைத்திருந்தேன். முதல் சபை கூடி மாதக்கணக்கில் வாதாடிச் சம்பாதித்துக் கொடுத்த ஒன்றை நான் நாற்பது நிமிஷத்தில் முடித்தேன். எனக்கு யார் மேலும் பகைகூட இல்லை. அதுதான் தாங்க முடியவில்லை.

கூப்பிடுகிறார்கள்.

செப்டம்பர் 2, செவ்வாய்

நோட்டு இன்றுதான் திரும்பி வந்தது. வேண்டிய பக்கங்களை நகல் எடுத்துக்கொண்டார்கள். ஒவ்வொரு பக்கத்திலும் சிவப்பு மையில் எண், கீழே அலுவலக முத்திரை. இந்தக் காலிப் பக்கத்திலும் இருக்கிறது. எண் 63.

அன்று நடந்தது: போகவில்லை என்று சொன்னேன். அதிகாரி நம்பவில்லை. “முந்தாநாள் போனேன்னீங்க, இன்னிக்கு போகலைங்கறீங்க. யாராவது மிரட்டினாங்களாம்மா?” நோட்டை மேசை மேல் வைத்தேன். முதல் பக்கத்திலிருந்து படித்தார். எதிரே உட்கார்ந்து ஒருவர் நம் நாட்குறிப்பைப் படிப்பதைப் பார்ப்பது — வேண்டாம். ஜூன் 27-ல் கொஞ்சம் அதிக நேரம் நின்றார். பிறகு முடியும்வரை வாயைத் திறக்காமலே படித்தார். பல் செட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. கடைசியில் மட்டும், “இதைக் குடுத்தா என்ன ஆகும்னு தெரியுமில்ல?” என்றார். தெரியும் என்றேன்.

தற்காலிகப் பணிநீக்கம். மேல் விசாரணை நடக்கும். கணக்கு சார் ரோட்டைக் கடந்து எதிர்ப்பக்கம் போகிறார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். இவர் இரண்டு வாரத்துக்கு மேல் பேசவில்லை. நேற்றுக் காலையில் காபியைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்துவிட்டு, முழங்காலுக்கு மருந்து தடவியாச்சா என்று கேட்டார்.

முப்பத்து மூன்று பெயரைச் சேர்த்துவிட்டார்கள். முப்பத்து நாலாவது ஒரு பழைய மில் தொழிலாளி, எழுபத்தெட்டு வயது. உத்தரவு வருவதற்கு இரண்டு நாள் முன்னால் இறந்துபோனார். கடைசியாகத் தன் பெயர் பட்டியலில் இல்லை என்று கேள்விப்பட்டுவிட்டுத்தான் போயிருக்கிறார். மன்னிப்புக் கேட்க அந்த வீட்டுக்குப் போனேன். பூட்டியிருந்தது. மறுநாள் போனேன், பூட்டியிருந்தது. மூன்றாம் நாள் அவர் மருமகள் இருந்தாள். உள்ளே கூப்பிடவில்லை. வாசலிலேயே நின்று நான் சொன்னதை எல்லாம் கேட்டாள். “சரி” என்றாள். கதவைச் சாத்திக்கொண்டாள்.

மணிக்காரம்மாவைப் பார்க்கப் போகவில்லை. துணிச்சல் வரவில்லை.

செப்டம்பர் 21, ஞாயிறு

என் பள்ளியிலேயே வாக்குச்சாவடி. என் வகுப்பறையிலேயே. வரிசை வராந்தா முழுக்க நீண்டிருந்தது. வேலையில் இருக்கும் ஆசிரியர்கள் உள்ளே மேசை போட்டு உட்கார்ந்திருந்தார்கள். நான் மற்றவர்களோடு வெளியே நின்றேன். சிலர் என்னைக் காட்டிக் காட்டிப் பேசிக்கொண்டார்கள். வரிசையை விட்டு விலகித் திரும்பிப் போய்விடலாமா என்று இருந்தது. போகவில்லை.

எனக்கு நாலு பேர் முன்னால் மணிக்காரம்மா. சந்துக்காரர்களோடு வந்திருந்தாள். கூடவே புதுப்பெண்ணாக அவள் மகள். அந்த முகத்தை நான் கல்யாணத்தன்று பார்த்திருக்க வேண்டும். மணிக்காரம்மா திரும்பிப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். இந்தத் தடவை கும்பிடவில்லை. முன்னால் திரும்பிக்கொண்டாள்.

யார் ஓட்டுப் போட வருகிறார்களோ அவர் பெயரை எல்லாக் கட்சி முகவர்களுக்கும் கேட்கும்படி உரக்கப் படிக்க வேண்டும் என்பது விதி. உள்ளே குமாஸ்தா பட்டியலில் விரலை ஓட்டித் தேடினார். சரியாக, அவள் பெருக்கிக்கொண்டே பாடம் கேட்கும் சன்னலுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு நான் கேட்டேன். அந்த நீளமான பெயரை, அப்பா பெயரோடு சேர்த்து, ஓர் எழுத்து விடாமல் அவர் படித்தார்.

“இருக்கேன்” என்றாள் அவள்.